பழைய காயத்துக்கும் ஓர் எழுத்து

அண்ணி அந்த அலுவலகத்தில் தரை துடைக்கும் வேலைக்குச் சேர்ந்த புதிதில் வாளித் தண்ணீர் அவளைப் பாடாய்ப் படுத்தியது. நாள் முழுக்க ஏசி ஓடும் கட்டிடம். குழாயைத் திறந்தால் குளிர் எலும்பு வரை ஏறும். போதாததற்குத் தரைக்கு ஊற்றுகிற மருந்து வேறு. சாயங்காலத்துக்குள் விரல் நுனியெல்லாம் வெடித்து, சோப்புப் பட்டாலே உயிர் போகும். யாரிடமும் சொல்லவில்லை. வேலை கிடைத்ததே கடவுள் போட்ட பிச்சை, அதில் குறை சொல்லக் கூடாது என்று நினைக்கிறவள் அவள்.

ஒருநாள் காலை வாளியின் கைப்பிடியில் ஒரு ஜோடி ரப்பர் கையுறை தொங்கியது. உள்பக்கம் மெத்தென்று துணி வைத்தது. கம்பெனிதான் கொடுத்திருக்கிறது என்று நினைத்து, முகம் தெரியாத முதலாளிக்காக அன்று ஒரு தடவை கூடுதலாகவே வேண்டிக்கொண்டாள். வெகுநாள் கழித்துப் புதிதாகச் சேர்ந்த பெண், "எனக்கு எப்பக்கா கிளவுஸ் தருவாங்க?" என்று கேட்டபோது, மேற்பார்வை பார்க்கும் ஆள் விழுந்து விழுந்து சிரித்தார். "கிளவுஸா? துடைப்பமே கெஞ்சிக் கூத்தாடி வாங்க வேண்டியிருக்கு."

அப்போதுதான் அண்ணிக்கு உறைத்தது. கையுறை தொங்கிய நாளுக்கு முந்தின நாள், அதே அலுவலகத்தில் வேலை பார்க்கும் நாத்தனார் அந்த வழியாகப் போனவள் அண்ணியின் கையை ஒரு கணம் பார்த்துவிட்டுப் பேசாமல் போயிருந்தாள். போய்க் கேட்டதற்கு, "யாராவது மறந்து வச்சிட்டுப் போயிருப்பாங்க அண்ணி, விடுங்க" என்றாள். அவ்வளவுதான். அதற்குமேல் அவளிடமிருந்து ஒரு வார்த்தை பெயர்க்க முடியாது.

அந்த நாத்தனாரை வீட்டில் எல்லாரும் பாப்பா என்றுதான் கூப்பிடுவார்கள். காதோரம் நரைத்து, மூக்குக்கண்ணாடி ஏறி, முழங்கால் வலி வந்த பிறகும் அவள் பாப்பாதான். கடைக்குட்டியாகப் பிறந்ததற்கு அவள் கட்டிய அபராதம் அது. அலுவலகத்தில் அவளுக்கு வேறு பட்டம். 'கடைசி எழுத்து.' அந்தப் பட்டம் அவள் செய்த வேலையிலிருந்து வந்தது.

அது மெடிக்கல் கோடிங் செய்கிற அலுவலகம். ஆஸ்பத்திரியில் டாக்டர் எழுதுகிற குறிப்பு கம்ப்யூட்டரில் இங்கே வரும். இன்னாருக்கு இன்ன வியாதி என்பதை இவர்கள் எண்ணும் எழுத்துமாக மாற்றி அனுப்புவார்கள். அதை வைத்துத்தான் இன்சூரன்ஸ்காரர்கள் சிகிச்சைக்குத் தலையாட்டுவதும் கையை விரிப்பதும். பாப்பாவின் பிரிவுக்குக் கை, கால் காயங்கள் வரும். காயத்துக்கு எழுதுகிற குறியீட்டில் வலதா இடதா என்று ஓர் இடம் உண்டு. கடைசியில் ஓர் எழுத்தும் உண்டு. காயம் புதிது, இப்போதுதான் வைத்தியம் நடக்கிறது என்றால் 'ஏ'. ஆறிக்கொண்டிருக்கிறது என்றால் 'டி'. ஆறிப்போய் வெகுநாளாகியும் அது விட்டுப்போன தொந்தரவு இருக்கிறது என்றால் 'எஸ்'. பக்கத்து மேசைக்காரர்கள் அவசரத்தில் ஏதோ ஒன்றைத் தட்டிவிட்டுப் போவார்கள். இவள் மட்டும் அந்தக் கடைசி எழுத்துக்கு முன்னால் நின்று, சாலையைக் கடக்கிறவள் மாதிரி இரண்டு பக்கமும் பார்த்துவிட்டுத்தான் கையை வைப்பாள்.

வேலை முடிந்து ஒரே பஸ்ஸில் வீட்டுக்குப் போகும்போது ஒருநாள் அண்ணி கேட்டாள். "காயம் ஆறிப்போச்சுன்னா அப்புறம் அதை எதுக்கு எழுதணும்?"

"பானை உடைஞ்சு தண்ணி கொட்டிருச்சுன்னு வைங்க. பானையை அள்ளிப் போட்டாச்சு. ஆனா தரை ஊறிப்போய் காயவே மாட்டேங்குது. ஒருத்தர் வழுக்கி விழுறார். என்ன சொல்லணும்? தரை ஈரம்னு முதல்ல சொல்லணும். அன்னிக்குப் பானை உடைஞ்சதாலதான் இந்த ஈரம்னு அடுத்துச் சொல்லணும். ரெண்டையும் சேர்த்துச் சொன்னாத்தான் விஷயம் நேராகும். கையில ஒரு ரத்தக்குழாய் அறுந்து தைச்சிருப்பாங்க. தழும்பு மட்டும்தான் பாக்கின்னு நினைப்போம். பல வருஷம் கழிச்சு விரல் குளிரும், மரத்துப்போகும். அந்தக் குளிரு முதல்ல. பழைய வெட்டு, எஸ் போட்டு, ரெண்டாவது."

"தரை துடைக்கிறவளுக்குத் தரையை வச்சே பாடம் எடுக்கிறியா?" என்றாள் அண்ணி. பாப்பா வாயைப் பொத்திக்கொண்டு சிரித்ததில் முன் சீட்டுக்காரர் திரும்பிப் பார்த்தார்.

அண்ணி அன்று சும்மாதான் கேட்டாள். அந்தப் பாடம் தன் வீட்டுக்குள்ளேயே வந்து உட்காரப்போகிறது என்று அவளுக்குத் தெரியாது.

அவள் புருஷன், அதாவது பாப்பாவின் அண்ணன், கண்ணாடிப் பட்டறையில் வேலை. பெரிய கண்ணாடிகளை அளவெடுத்து அறுத்து, சட்டத்தில் பொருத்துவார். கல்யாணமான புதிதில் ஒரு நிலைக்கண்ணாடி பட்டறையில் நழுவி அவருடைய வலது மணிக்கட்டுக்குக் கீழே இறங்கிவிட்டது. ரத்தம் பீய்ச்சி அடித்தது. அப்போது படித்துக்கொண்டிருந்த பாப்பா அண்ணனுக்குச் சாப்பாடு கொண்டு போயிருந்தாள். ஆளாளுக்கு அலறிக்கொண்டிருக்க, அவள்தான் அந்த மணிக்கட்டை இரண்டு கையாலும் இறுக்கிப் பிடித்தபடி வண்டியில் ஏறினாள். ஆஸ்பத்திரியில் டாக்டர், "விடும்மா, இனிமே நாங்க பார்த்துக்கிறோம்" என்று சொல்லியும் அவள் விரல்களைப் பிரிக்க முடியவில்லையாம். அறுந்த ரத்தக்குழாயைத் தைத்தார்கள். கை ஆறியது. அண்ணன் மறுபடியும் கண்ணாடி அறுக்கப் போய்விட்டார். எல்லாரும் அதை மறந்தேபோனார்கள்.

கை மட்டும் மறக்கவில்லை. கொஞ்ச காலமாக அவருடைய மோதிர விரலும் சுண்டுவிரலும் காலையில் சுண்ணாம்பு மாதிரி வெளுத்துப்போயின. தொட்டால் ஜில்லென்றிருக்கும். பிறகு ஊசி குத்துவதுபோல் வலிக்கும். கண்ணாடி தூக்குகிறவருக்குப் பிடி இல்லையென்றால் அவர் கழுத்துக்கும் உத்தரவாதமில்லை, எதிரே பிடிப்பவர் கழுத்துக்கும் உத்தரவாதமில்லை. மனுஷன் யாரிடமும் சொல்லாமல் கையைக் கக்கத்தில் வைத்துக்கொண்டு திரிந்தார். "என்னங்க, அங்க என்ன புதையல் வச்சிருக்கீங்க?" என்று அண்ணி கையைப் பிடுங்கிப் பார்த்த பிறகுதான் விஷயம் வெளியே வந்தது.

ஆஸ்பத்திரிக்குப் போனார்கள். வரிசையில் உட்கார்ந்திருந்தபோது பக்கத்திலிருந்த ஒரு பெரிய மனிதர், கேட்காமலே யோசனையைத் தலையில் கட்டினார். "பழைய காயம்னு மட்டும் வாயைத் திறந்துடாதீங்க. பழசுன்னா இன்சூரன்ஸ்ல தள்ளிடுவான். இப்ப பட்டதுன்னு சொல்லுங்க, மளமளன்னு நடக்கும்."

உள்ளே போனதும் அண்ணன் அப்படியே ஒப்பித்துவிட்டார். போன மாதம் பட்டறையில் கண்ணாடி இடித்ததாம். மணிக்கட்டுத் தழும்பைக் காட்டி டாக்டர் கேட்டதற்கு, "அது சின்ன வயசுல கம்பி கிழிச்சது சார்" என்றார். அண்ணி பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தாள். அவளுக்குக் காது சுட்டது. வாயைத் திறக்கவில்லை. படம் எடுத்துப் பார்த்துவிட்டு டாக்டர், குழாய் அடைத்திருக்கிறது, அந்த இடத்தை எடுத்துவிட்டு வேறு குழாய் வைத்துத் தைக்கவேண்டும், தள்ளிப்போட்டால் விரலுக்கு ஆபத்து என்றார். அனுமதி வந்ததும் ஆபரேஷன்.

வெளியே வந்து அண்ணி சொன்னாள். "பொய் சொல்லிட்டோமே."

"நான்தானே சொன்னேன். நீ எங்கே சொன்னே?"

அது அவளுக்கு ஆறுதலாக இல்லை. வீட்டில் கும்பிடும் இடத்தில் போய் நின்றால் வழக்கமாகச் சொல்லும் வார்த்தைகள் வரவில்லை. பொய்யைக் கேட்டுக்கொண்டு சும்மா இருந்தவளுக்கு என்ன பெயர் என்று அவளுக்கே தெரியவில்லை. உட்கார்ந்தால் எழுந்திருக்கத் தோன்றியது, எழுந்தால் உட்காரத் தோன்றியது.

அந்த வாரத்திலேயே ஒருநாள் பாப்பாவின் வரிசையை அண்ணி துடைத்துக்கொண்டிருந்தாள். பாப்பா கம்ப்யூட்டரில் எதையோ திறந்தவள் சூடு பட்டவள் மாதிரி கையை எடுத்துவிட்டாள். எழுந்து நேரே டீம் லீடரிடம் போனாள். "இது எங்க அண்ணனோடது மேடம். நான் பேரை மட்டும்தான் பார்த்தேன். வேற யாருக்காவது மாத்திடுங்க." சொந்தக்காரர்களின் குறிப்பைத் தொடக் கூடாது என்பது அங்கே சட்டம். டீம் லீடர் அதை வேறு நாலைந்தோடு சேர்த்துப் பக்கத்து மேசைக்குத் தள்ளிவிட்டாள்.

பக்கத்து மேசைக்காரனுக்கு 'எக்ஸ்பிரஸ்' என்று பெயர். கையும் வாயும் ஒரே வேகத்தில் ஓடும். "வலது கை... ரத்தக்குழாய்... கண்ணாடி இடிச்சது, போன மாசம்... ஏ. போயிட்டு வா ராசா" என்று பாடிக்கொண்டே அனுப்பிவிட்டான். அது தன் வீட்டுக் கை என்று அண்ணிக்குப் புரிந்தது. வாளியை அங்கேயே விட்டுவிட்டுக் கழிப்பறைப் பக்கம் போய் நின்றாள்.

வீட்டில் அண்ணியின் வாய் சும்மா இருக்கவில்லை, நடந்ததைப் புருஷனிடம் சொல்லிவிட்டாள். விடுமுறை நாளில் பாப்பா வந்தபோது அண்ணன் காத்துக்கொண்டிருந்தார்.

"வாம்மா பெரிய ஆபீசரு. என் ஃபைலு உன் கைக்குத்தான் வந்துச்சாம். தூக்கி எவன்கிட்டயோ குடுத்துட்டியாம்?"

"சொந்தக்காரங்களோடதைத் தொடக்கூடாதுண்ணா."

"உன்னைத் தோள்ல தூக்கிட்டுத் திரிஞ்சவன்டி நான்."

"அதனாலதான் தொடக்கூடாது."

"ஒரு எழுத்து. ஒரே ஒரு எழுத்து. நீயே பார்த்துச் சட்டுனு போட்டு அனுப்பியிருந்தா குறைஞ்சா போயிருப்பே? உன் தலையையா கேட்டேன்?"

"தலையைக் கேட்டிருந்தா குடுத்திருப்பேன்" என்றாள் பாப்பா. பிறகு மெதுவாகக் கேட்டாள். "டாக்டர்கிட்ட எல்லாத்தையும் சொன்னியாண்ணா?"

"சொன்னேன் சொன்னேன்."

பாப்பா அண்ணியைப் பார்த்தாள். அண்ணி அடுப்பைப் பார்த்தாள். கொடுத்த டீயைக் குடிக்காமலே பாப்பா கிளம்பிவிட்டாள். அன்றிலிருந்து அண்ணன் தங்கச்சியிடம் முகம் கொடுத்துப் பேசவில்லை. பஸ்ஸிலும் அண்ணியும் நாத்தனாரும் ஜன்னலைப் பார்த்தபடியே போனார்கள்.

அனுமதி வரும் வரும் என்று பார்த்தால் விசாரணைதான் வந்தது. புதுக்காயம், அதுவும் வேலை செய்யும் இடத்தில் என்று போயிருக்கிறதல்லவா? எப்போது பட்டது, யார் கூட இருந்தார்கள், ஏன் தெரிவிக்கவில்லை என்று இன்சூரன்ஸ்காரர்கள் பட்டறையைக் கேட்டார்கள். விசாரணை முடியும்வரை ஆபரேஷன் நிறுத்திவைக்கப்பட்டது. பட்டறை முதலாளி குதித்தார். அண்ணனோடு எப்போதும் மறுமுனையைப் பிடித்துக் கண்ணாடி தூக்குகிறவர் ஒருவர்தான். தடிமனான மூக்குக்கண்ணாடி போட்ட மனிதர். எல்லாரும் அவரைச் சோடாபுட்டி என்பார்கள். முதலாளிக்கு வேறு யோசனை தேவைப்படவில்லை. "கண்ணு தெரியாம போட்டு இடிச்சுட்டு ரெண்டு பேருமா மூடி மறைச்சிருக்கீங்க" என்று சொல்லி, விசாரணை முடிகிறவரை வேலைக்கு வராதே என்று அவரை அனுப்பிவிட்டார்.

மறுநாள் காலை சோடாபுட்டி இவர்கள் வீட்டு வாசலில் வந்து நின்றார். கையில் சாப்பாட்டு டப்பா. வேலை இல்லையென்று வீட்டில் இன்னும் சொல்லவில்லை. சண்டைக்குத்தான் வந்திருக்கிறார் என்று நினைத்துக்கொண்டே அண்ணி நாற்காலியை இழுத்துப் போட்டாள்.

அவர் நாற்காலி நுனியில் உட்கார்ந்துகொண்டு, "தப்பா நினைக்காதீங்கண்ணே, எந்தக் கண்ணாடின்னு மட்டும் சொல்லுங்க" என்றார். "அந்த அலமாரிக் கண்ணாடியா? இல்ல கடைக்குப் போட்டோமே, அதா? நானும் யோசிச்சு யோசிச்சுப் பார்க்கிறேன், பிடிபட மாட்டேங்குது. என் பக்கம்தான் நழுவியிருக்கும். உங்க கையில இடிச்சது கூடத் தெரியாம இருந்திருக்கேன் பாருங்க. நீங்க வலியைப் பொறுத்துக்கிட்டு என்னைக் காட்டிக்கொடுக்காம இருந்திருக்கீங்க. வேற யாராவதா இருந்தா அன்னிக்கே என்னைக் கிழிச்சுத் தொங்கவிட்டிருப்பாங்க."

அண்ணன் தலையை நிமிர்த்தவில்லை. வெளுத்த இரண்டு விரலை மற்ற கையால் மூடிக்கொண்டார்.

"அப்படியெல்லாம் இல்லப்பா" என்று மட்டும் சொன்னார்.

"பெரிய மனசு உங்களுக்கு" என்று சொல்லிவிட்டுச் சோடாபுட்டி எழுந்தார். படியிறங்கும்போது காலால் தடவித் தடவி இறங்கினார். இத்தனை நாள் அப்படி இறங்கியவரல்ல. தன் கண்ணையே அவர் சந்தேகப்பட ஆரம்பித்துவிட்டார் என்று அண்ணிக்குத் தெரிந்தது. திட்டியிருந்தால் கூடத் தாங்கியிருப்பாள்.

அன்று அலுவலகத்தில் எக்ஸ்பிரஸின் மேசையைச் சுற்றியே துடைத்துக்கொண்டிருந்தாள். சொல்லிவிடலாமா? தம்பி, நீ போட்ட எழுத்து தப்பு, அது பழைய காயம் என்று ஒரு வரி. அவ்வளவுதான். நாக்கு நுனி வரை வந்துவிட்டது.

"என்னக்கா, இந்த இடத்துல மட்டும் பள்ளமே விழுந்துரும் போலிருக்கு. என்ன வேணும்?" என்றான் அவன்.

"காலைத் தூக்குப்பா" என்றாள்.

மதியம் டீ போடுகிற சின்ன அறையில் பாப்பா தனியாக இருந்தபோது அண்ணி உள்ளே போய்க் கதவைச் சாத்தினாள். வரிசையில் உட்கார்ந்த பெரிய மனிதரில் தொடங்கி சோடாபுட்டி படியிறங்கியது வரை கொட்டித் தீர்த்தாள். பாப்பா டப்பாவைத் திறந்தபடியே கேட்டுக்கொண்டிருந்தாள். கடைசியில் மூடியை எடுத்து மூடிவிட்டாள்.

"பழசுன்னா தள்ளிடுவாங்கன்னு யார் அண்ணி சொன்னது? பழைய காயத்துக்கும் ஒரு எழுத்து இருக்கே. தள்ளறதுக்கா அதை வச்சிருக்காங்க? அன்னிக்கு வெட்டினதும் அதே பட்டறையிலதானே. உள்ளதைச் சொல்லியிருந்தா யாரையும் யாரும் விசாரிச்சிருக்கவே மாட்டாங்க."

"நீயே போய் மாத்திடேன் பாப்பா. நீதானே அந்தக் கையைப் பிடிச்சுக்கிட்டுப் போனவ. உனக்குத் தெரியாததா?"

"எனக்குத் தெரியும். ஆனா எனக்குத் தெரிஞ்சதை எழுதக் கூடாது. டாக்டர் எழுதினதைத்தான் எழுதணும். நான் என் அண்ணனுக்காக ஒண்ணு எழுதினா, நாளைக்கு இன்னொருத்தி தன் அண்ணனுக்காக வேற ஒண்ணு எழுதுவா." டப்பாவைத் தள்ளிவைத்தாள். "நீங்க சொன்னதை நான் கேட்கவே இல்லை அண்ணி. டாக்டர்கிட்ட போங்க. ரெண்டு பேரும் போங்க. இன்னிக்கே போங்க."

அன்று சாயங்காலம் வீட்டில் பெரிய சண்டை. அண்ணன் கத்தினார். "டாக்டர் முன்னாடி போய் நான் பொய்யன்னு சொல்லவா? ஆபரேஷனே செய்யமாட்டேன்னு துரத்திட்டா? விரல் போனா நீ கண்ணாடி அறுப்பியா?"

"விரல் இருந்தாலும் யார் கூட அறுப்பீங்க? மறுமுனையைப் பிடிக்க அந்த மனுஷன் இருப்பாரா?"

அவர் கூடத்துக்கும் வாசலுக்குமாக நடந்தார். நடந்து நடந்து கடைசியில் சுவரைப் பார்த்து நின்றுகொண்டு, "எனக்கு வாய் வராதும்மா" என்றார்.

"நான் சொல்றேன். அன்னிக்கு நானும்தானே பக்கத்துல உட்கார்ந்திருந்தேன்."

மறுநாள் டாக்டர் எதிரே அண்ணி முந்தானை நுனியை முறுக்கிக்கொண்டே உட்கார்ந்தாள். மனதுக்குள் கடவுளைக் கூப்பிட்டுக்கொண்டே எல்லாவற்றையும் சொன்னாள். நடுவில் அவள் தடுமாறியபோது அண்ணன் தானாகவே, "பட்டறையிலதான் சார், நிலைக்கண்ணாடி விழுந்துச்சு, இந்த இடம்" என்று தழும்பைத் தொட்டுக் காட்டினார். டாக்டர் கோபப்படவில்லை. ரொம்பக் களைப்பாக இருந்தார்.

"அந்தத் தழும்பைப் பார்த்தப்பவே எனக்குச் சந்தேகம்தான். கேட்டேன், கம்பின்னீங்க. வெளியே கூட்டம், நானும் விட்டுட்டேன்" என்று சொல்லிவிட்டு எழுத ஆரம்பித்தார்.

திருத்திய குறிப்பு மறுபடி அலுவலகத்துக்கு வந்தது. முதலில் பார்த்தவரிடமே திரும்பிப் போவது அங்கே வழக்கம் என்பதால் எக்ஸ்பிரஸிடமே வந்தது. அண்ணி வேண்டுமென்றே அந்த வரிசையை அன்று கடைசியாக வைத்துக்கொண்டாள். எக்ஸ்பிரஸ் பாதியில் நின்றான். தலையைச் சொறிந்தான். நாற்காலியோடு நகர்ந்து பாப்பாவிடம் வந்தான்.

"அக்கா, கடைசி எழுத்தக்கா. இங்க ஒரு கேஸு. முன்னாடி குறிப்புல புதுக்காயம்னு இருக்கு. இப்ப வந்ததுல பழைய வெட்டுன்னு இருக்கு. ஆனா அந்த வெட்டாலதான் இந்த அடைப்புன்னு சேர்த்து எழுதல. பார்த்தாலே தெரியுது, அதாலதான். எஸ் போட்டுரவா?"

அண்ணியின் கையில் துடைப்பம் நின்றுவிட்டது. சொல்லேன், போடு என்று சொல்லிவிடேன், உண்மைதானே, என்று அவள் நெஞ்சு அடித்துக்கொண்டது. பாப்பா திரையைப் பார்க்கவில்லை. முகத்தை ஜன்னல் பக்கம் திருப்பிக்கொண்டாள். இரண்டு கையையும் தொடைக்கு அடியில் வைத்து அழுத்திக்கொண்டாள். அந்த மணிக்கட்டை விட மறுத்த அதே விரல்கள்.

"எனக்குத் தெரியாது. டாக்டரைக் கேளு."

"இதைப் போய்க் கேட்டு, அவர் பதில் போட்டு... பழைய வெட்டாலதானே டாக்டர்னு ஒரு வரி தட்டிவிடவா? ஆமான்னு வந்துரும்."

"பதிலைக் கேள்விக்குள்ள வச்சுக் கேட்காதே. காரணம் என்னன்னு மட்டும் கேளு. அவர் வாயால வரட்டும்."

"உங்ககிட்ட கேட்டதுக்கு இது வேணும் எனக்கு" என்று முணுமுணுத்துக்கொண்டே அவன் திரும்பிப் போனான்.

பதில் வருகிறவரை அண்ணி சாப்பிட்டது சாப்பாடாக இல்லை. ஒருவேளை டாக்டர் பதில் போடாமலே விட்டுவிட்டால்? வேறு மாதிரி எழுதிவிட்டால்? பாப்பாவும் அப்படித்தான் இருந்தாள். வெறும் கோப்பையை எடுத்து உறிஞ்சிவிட்டு வைத்தாள். எதிரே வந்த அண்ணியிடம், "இன்னிக்கு மழை வரும் போல" என்றாள். வெயில் கொளுத்திக்கொண்டிருந்தது.

ஒரு மத்தியானம் எக்ஸ்பிரஸ் கையைத் தூக்கிச் சோம்பல் முறித்தான். "அக்கா, டாக்டர் பதில் வந்திருச்சு. பழைய வெட்டாலதானாம். அடைப்பு முதல்ல, வெட்டு ரெண்டாவது. கடைசி எழுத்து மாத்தியாச்சு. சந்தோஷமா?"

"சரி" என்றாள் பாப்பா. மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்தாள். பிறகு எழுந்து கழிப்பறைக்குப் போனவள் வெகுநேரம் வரவில்லை. அண்ணி வாசலில் 'தரை ஈரம்' பலகையை வைத்துவிட்டு, யாரையும் உள்ளே விடாமல் வெளியே காவல் நின்றாள்.

விசாரணை நின்றது. சோடாபுட்டியை முதலாளியே கூப்பிட்டனுப்பினார். அதற்கு முன்னால் அண்ணன் அவர் வீட்டுக்குப் போய் உள்ளதைச் சொல்லிவிட்டு வந்திருந்தார். என்ன சொன்னார், அவர் என்ன சொன்னார் என்று அண்ணி கேட்கவில்லை. "அப்ப என் கண்ணு நல்லாத்தான் இருக்கா?" என்று மட்டும் சோடாபுட்டி கேட்டாராம்.

ஆபரேஷன் நடந்தது. மோதிர விரலுக்கு ரத்தம் திரும்பியது. சுண்டுவிரல் பிடிவாதக்காரன், பாதிதான் இறங்கிவந்தது. அண்ணன் கனமான கண்ணாடிகளை விட்டுவிட்டு அறுக்கும் வேலையை மட்டும் பார்த்தார். தங்கச்சியிடம், 'நீ செய்தது சரி' என்று அவர் சொல்லவில்லை. சொல்லுகிற ஜாதி இல்லை. ஆனால் ஒரு விடுமுறை நாள் காலையில், "பாப்பா வீட்டுக்குப் போயிட்டு வருவோமா?" என்று அவராகவே கேட்டார். போய் உட்கார்ந்து, ஒன்றும் பேசாமல், அவள் போட்ட டீயை இரண்டு தடவை வாங்கிக் குடித்துவிட்டு வந்தார்.

அடுத்த வருஷம் பாப்பாவின் புருஷனுக்குத் தூரத்து ஊரில் வேலை மாற்றம் வந்தது. அவளும் வேலையை விட்டுவிட்டுக் கிளம்பினாள். போன பிறகு போனில் பேச்சு உண்டு. நேரில் பார்க்க வாய்க்கவில்லை. ஒரு மழைக்காலத்தில் காய்ச்சல் என்றார்கள். அண்ணனும் அண்ணியும் போய்ச் சேர்வதற்குள் கடவுள் அவளை அழைத்துக்கொண்டுவிட்டார். ஆகையால் ஊருக்குக் கிளம்பிய அன்று அவளைப் பஸ் நிலையத்தில் பார்த்ததுதான் கடைசி.

அன்று ஒரே கூட்டம். மூட்டைகளை மேலே ஏற்றிவிட்டு அண்ணன் ஜன்னலுக்குக் கீழே வந்து நின்றார். வண்டி உறுமிக்கொண்டிருந்தது. ஏதோ சொல்ல நினைத்து, கிடைக்காமல், கையைப் பார்த்தார். குழந்தை முறையிடுகிற மாதிரி, "சுண்டுவிரல் இன்னும் காலையில குளிருது பாப்பா" என்றார். அந்தக் கையைப் பற்றி அவளிடம் அவர் வாய்விட்டுச் சொன்னது அதுதான் முதல் தடவை.

பாப்பா ஜன்னல் வழியாகக் கையை நீட்டி அந்த விரலைப் பிடித்துக்கொண்டாள். கண் நிறைந்திருந்தது, வாய் சிரித்தது.

"என்கிட்ட சொல்லி என்னண்ணா பிரயோஜனம்? டாக்டர்கிட்ட போய்ச் சொல்லு. அவர் எழுதட்டும்."